ஜெரி ரைஸின் கைகளும் ஒரு செயற்கைத் தோல் பந்தும்: பாளையங்கோட்டை மைதானத்திலிருந்து ஒரு மதிப்பீடு

அமெரிக்கக் கால்பந்தாட்டத்துக்குரிய நீள்வடிவப் பந்து ஒன்றை இணையவழிக் கடையில் வாங்கி, பாளையங்கோட்டையில் மாலைப் பயிற்சி நடக்கும் எங்கள் மைதானத்தில் சில மாதங்களாகப் பயன்படுத்தி வருகிறோம். செயற்கைத் தோலால் ஆனது. விலை ஆயிரம் ரூபாய்க்குச் சற்று மேல். இதே பந்து, முத்திரை மட்டும் மாறி, பல பெயர்களில் விற்கப்படுவதால் நிறுவனத்தின் பெயரை இங்கே எழுதவில்லை. வாங்குகிறவர் அளவையும் தையலையும் பார்த்து வாங்கினால் போதும். ஜெரி ரைஸ் என்ற ஆட்டக்காரரைப் பற்றி நெடுநாளாகப் படித்தும், அவருடைய பழைய ஆட்டப் பதிவுகளைப் பார்த்தும் வந்த எனக்கு, அவர் 20 பருவங்கள் இடைவிடாமல் செய்த வேலை எத்தகையது என்பதைக் கையால் தொட்டு அறிய வேண்டும் என்ற விருப்பமே இதை வாங்கத் தூண்டியது. ஆகவே, ரைஸ் கற்றுவைத்திருந்த வித்தையில் ஒரு சிறு பகுதியையாவது நம் ஊர்ப் பிள்ளைகள் கற்க இந்தப் பந்து உதவுகிறதா என்பதையே அளவுகோலாகக் கொண்டு இதை எழுதுகிறேன்.

இந்த ஆட்டத்தை அறியாதவர்களுக்காகச் சில சொற்கள். குவார்ட்டர்பேக் எனப்படுபவர் பின்னால் நின்று பந்தை எறிவார். ரிசீவர் எனப்படுபவர் எதிரணிக்காரரைக் கடந்து ஓடிக்கொண்டே அதைப் பிடிப்பார். பிடித்த பிறகு, கபடியில் பாடிப் போனவரை மடக்குவதுபோல எதிரணியினர் அவரை மடக்கி வீழ்த்துவர். மடக்கு விழாமல் எல்லைப் பகுதிக்குள் பந்தைக் கொண்டு சேர்த்தால் டச்டவுன். அதற்கு 6 புள்ளிகள். அமெரிக்காவின் தொழில்முறைப் போட்டித்தொடரான என்.எஃப்.எல். கண்ட ரிசீவர்களில் ரைஸ்தான் தலைசிறந்தவர் என்பதில் அந்த ஆட்டத்தைப் பார்ப்பவர்களிடையே பெரிய கருத்து வேறுபாடு கிடையாது. அதற்கான கணக்கைப் பின்னால் சொல்கிறேன். முதலில் பந்தைப் பார்த்துவிடலாம்.

இரு முனையும் கூம்பி, உரித்த தேங்காயின் அமைப்பில் இருக்கும் இந்தப் பந்து நான்கு துண்டுகளைச் சேர்த்துத் தைக்கப்படுகிறது. துண்டுகளை உட்புறம் வெளியே தெரியும்படி தைத்து, பிறகு புரட்டி, உள்ளே பிளாடரை (காற்றடைக்கும் ரப்பர்ப் பையை) வைத்து, திறப்பின்மேல் நாடா கோத்து முடிக்கிறார்கள். என்.எஃப்.எல். ஆட்டங்களுக்கான பந்துகளை 1941 முதல் வில்சன் நிறுவனம் செய்து தருகிறது. அவை ஒஹையோ மாநிலத்தின் ஏடா என்ற சிற்றூரில் மாட்டுத்தோலால் செய்யப்படுகின்றன. அந்தத் தோல் பந்து அமெரிக்காவிலேயே நூறு டாலருக்கு மேல் விலையாகிறது. அதை வரவழைத்துச் செம்மண்ணில் உருட்டுவதில் பொருளில்லை. விதிப்படி பந்தின் நீளம் 11 முதல் 11.25 அங்குலம், எடை 14 முதல் 15 அவுன்ஸ், அதாவது ஏறக்குறைய 397 முதல் 425 கிராம். நாங்கள் வாங்கிய முழு அளவுப் பந்தைப் பக்கத்து மளிகைக் கடையின் தராசில் வைத்துப் பார்த்தபோது 400 கிராமை ஒட்டியே நின்றது. நீளமும் சரியாக இருந்தது. மலிவுப் பந்துகளில் அளவு பெரும்பாலும் தப்பிப்போகும் என்பதால், இதை அதன் முதல் சிறப்பாகக் கருதுகிறேன்.

கையில் எடுத்ததும் தெரிவது, இது உள்ளங்கையில் உட்காரும் பந்து அன்று என்பதே. கிரிக்கெட் பந்தைப் பிடித்துப் பழகிய கைக்கு இதன் வடிவம் பிடிபடச் சில நாட்கள் ஆகின்றன. முனை முதலில் வந்தால் விரல்களுக்கு இடையே புகுந்து நழுவும்; வயிறு முதலில் வந்தால் நெஞ்சில் மோதித் திரும்பும். நெஞ்சுக்கு மேலே வரும் பந்துக்கு இரண்டு கட்டைவிரல்களும் சுட்டுவிரல்களும் சேர்ந்து முக்கோணம் அமைக்க வேண்டும். இடுப்புக்குக் கீழே வருவதற்குச் சுண்டுவிரல்கள் சேர வேண்டும். விரல்நுனிகளில் வாங்கி, கண்ணால் அதைக் கைக்குள் கொண்டுவந்து சேர்த்து, அதன் பிறகுதான் கக்கத்துக்குள் இடுக்க வேண்டும். நெஞ்சில் ஏந்திப் பிடிக்கும் பழக்கத்தை இந்தப் பந்து மன்னிப்பதில்லை. ரைஸின் பழைய பதிவுகளை மெதுவாக ஓட்டிப் பார்த்தால், பெரும்பாலான பந்துகளை அவர் உடம்பிலிருந்து விலக்கி, நீட்டிய கைகளிலேயே வாங்குவதைக் காணலாம்.

அந்தக் கைகள் எங்கே உருவாயின என்பது, இந்தப் பந்தைப் பற்றி நான் எழுத நினைத்ததற்கு முக்கியக் காரணம். மிசிசிப்பி மாநிலத்தின் கிராஃபோர்டு என்ற சின்னஞ்சிறு ஊரில் வளர்ந்தவர் ரைஸ். 1962 அக்டோபர் 13 அன்று பிறந்தவர். எட்டுப் பிள்ளைகளில் ஒருவர். தந்தை கொத்தனார். கோடை விடுமுறைகளில் தந்தையின் வேலைக்கு மகன்களும் போவார்கள். சாரத்தின்மேல் நின்றிருக்கும் ஜெரியை நோக்கி, கீழேயிருந்து சகோதரர் ஒருவர் செங்கற்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி அப்படியே வீசுவார். காற்றில் அவை சிதறினாலும் அத்தனையையும் பிடித்து வைப்பது ஜெரியின் வேலை. தம் கைகள் அங்கேதான் பழகின என்று அவரே பலமுறை சொல்லியிருக்கிறார்.

நம் பக்கத்தில் வீடு கட்டும் இடத்தைக் கடந்து போகும் எவருக்கும் இந்தக் காட்சியை விளக்க வேண்டியதில்லை. எங்கள் மைதானத்துக்கு வரும் பிள்ளைகளில் ஒருவன் விடுமுறை நாட்களில் தன் தகப்பனாரோடு கையாளாக வேலைக்குப் போகிறவன். மற்றவர்கள் பந்தைத் தட்டித் தட்டிக் கீழே விட்டுக்கொண்டிருந்த முதல் மாலையில், அவன் மட்டும் அமைதியாக ஒவ்வொன்றாகப் பிடித்துத் திருப்பிக் கொடுத்துக்கொண்டிருந்தான். கவனித்துப் பார்த்தேன். பந்து கையில் படும் கணத்தில் அவனுடைய இரண்டு கைகளும் ஒரு சாண் பின்வாங்கின. அதனால் பந்து படும் சத்தமே கேட்கவில்லை. எங்கே கற்றாய் என்று கேட்டதற்கு, "செங்கலைப் புடிக்கயில கையைக் கொஞ்சம் பின்னால வாங்கிக்கிடணும் சார், இல்லேன்னா நகம் பேந்துரும்" என்றான். ரைஸைப் பற்றி அவனுக்கு அதுவரை ஒன்றும் தெரியாது. நான் அதன் பிறகுதான் சொன்னேன்.

ரைஸ் பெரிய பல்கலைக்கழகங்கள் எதிலும் ஆடியவரல்லர். கறுப்பின மாணவர்களுக்காகத் தோற்றுவிக்கப்பட்ட மிசிசிப்பி வேலி மாநிலப் பல்கலைக்கழகத்தில் ஆடினார். குவார்ட்டர்பேக் வில்லி டோட்டன் எறிய இவர் பிடித்த பந்துகளின் நினைவாக அங்குள்ள மைதானத்துக்கே இருவர் பெயரும் சூட்டப்பட்டுள்ளது. நேர் ஓட்டத்தில் ரைஸ் பெரிய வேகக்காரர் இல்லை என்பதும், அவர் ஆடியது சிறிய கல்லூரி என்பதும் அணித் தேர்வாளர்களைத் தயங்கவைத்தன. என்.எஃப்.எல். அணிகள் புதிய ஆட்டக்காரர்களை ஒன்றன்பின் ஒன்றாக முறைவைத்து எடுக்கும் தேர்வு 1985-இல் நடந்தபோது அல் டூன், எடி பிரவுன் என்ற இரண்டு ரிசீவர்கள் அவருக்கு முன்னால் எடுக்கப்பட்டனர். 16-ஆவது இடத்தில், வேறோர் அணியிடமிருந்து அந்த வாய்ப்பைப் பேரம் பேசி வாங்கி, சான் பிரான்சிஸ்கோ ஃபார்ட்டி நைனர்ஸ் அணியின் பயிற்றுநர் பில் வால்ஷ் ரைஸை எடுத்தார். முதல் பருவத்தின் தொடக்கத்தில் ரைஸ் பந்துகளைத் தவறவிட்டார்; சொந்த ஊர் ரசிகர்களே கூச்சலிட்டனர். அதே ஆண்டு டிசம்பரில் லாஸ் ஏஞ்சலஸ் ராம்ஸ் அணிக்கு எதிரான ஓர் ஆட்டத்தில் 10 பந்துகளைப் பிடித்து 241 கெஜம் எடுத்தார். பந்து நழுவும்போது சோர்ந்துவிடும் பிள்ளைகளிடம் நான் சொல்லும் செய்தி இதுதான்.

அவருடைய பெருமையை ஓர் ஆட்டத்தில் காட்ட வேண்டுமானால், 1989 ஜனவரி 22 அன்று மயாமியில் நடந்த சூப்பர் பவுல் இறுதியாட்டத்தைக் காட்டலாம். எதிரணி சின்சினாட்டி பெங்கால்ஸ்; நான்கு ஆண்டுகளுக்கு முன் ரைஸை விட்டுவிட்டு எடி பிரவுனைத் தேர்ந்தெடுத்த அதே அணி. 13-க்கு 16 என்று பின்தங்கிய நிலையில், ஆட்டம் முடிய மூன்று நிமிடங்களே எஞ்சியிருக்க, தம் எல்லையிலிருந்து 8 கெஜத்தில் நைனர்ஸ் தொடங்கினர். அவர்களின் குவார்ட்டர்பேக் ஜோ மான்டானா எறிந்த பந்துகளில் மூன்றைப் பிடித்து ரைஸ் 51 கெஜம் முன்னேற்றினார். கடைசி எறியின்போது எதிரணியின் கண் ரைஸின்மேல் இருக்க, பந்து அதே அணியின் மற்றொரு ரிசீவரான ஜான் டெய்லரிடம் போயிற்று, அது டச்டவுன். 20-க்கு 16 என வெற்றி. அன்று ரைஸ் பிடித்தவை 11 பந்துகள், 215 கெஜம். ஆட்ட நாயகன் விருது அவருக்கே. பந்து தன்னிடம் வராத நேரத்திலும் ஒரு ரிசீவர் ஆட்டத்தை எப்படி வெல்ல வைக்கிறார் என்பதற்கு அந்தக் கடைசி எறியைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியவில்லை.

மொத்தக் கணக்கு இன்னும் வியப்பானது. 1985 முதல் 2004 வரை 303 ஆட்டங்கள். பிடித்த பந்துகள் 1,549. எடுத்த தூரம் 22,895 கெஜம். ஓடிச் சேர்த்தவை உட்பட டச்டவுன்கள் 208, அவற்றில் பிடித்துப் பெற்றவை 197. தூரத்தில் இரண்டாம் இடத்திலிருக்கும் லாரி ஃபிட்ஜெரால்டு 17,492 கெஜத்தோடு நின்றுவிட்டார். ஐயாயிரத்துக்கு மேற்பட்ட அந்த இடைவெளியே பல நல்ல ஆட்டக்காரர்களின் வாழ்நாள் கணக்கு. கெஜத்தை மாற்றிப் பார்த்தால் 22,895 என்பது ஏறக்குறைய 21 கிலோமீட்டர்; திருநெல்வேலியிலிருந்து சேரன்மகாதேவிக்குக் கிட்டத்தட்ட அந்தத் தூரம்தான். ஒவ்வோர் அடியையும் மறிக்க ஆட்கள் நிற்கும்போது கடந்த தூரம் அது என்பதை நினைவில் கொள்ள வேண்டும். 1987-இல் வேலைநிறுத்தத்தால் சுருங்கிய பருவத்தில் 12 ஆட்டங்களில் 22 டச்டவுன்களைப் பிடித்தார். மூன்று சூப்பர் பவுல் வெற்றிகள் கண்டார். 1997 பருவத்தின் முதல் ஆட்டத்திலேயே முழங்கால் தசைநார் கிழிந்தது. டிசம்பரில் திரும்பி வந்த ஆட்டத்தில் முழங்கால் சில்லு உடைந்தது. அடுத்த பருவத்தில் 16 ஆட்டங்களும் ஆடி 1,157 கெஜம் எடுத்தார். ஓக்லாந்து ரைடர்ஸ் அணிக்குப் போய் 40 வயதைத் தொட்ட 2002 பருவத்தில் 92 பந்துகளைப் பிடித்து 1,211 கெஜம் எடுத்தார். 2010-இல் அந்த ஆட்டத்தின் புகழ் மன்றத்தில் அவர் பெயர் சேர்க்கப்பட்டது.

இந்தக் கணக்குக்குப் பின்னால் இருந்தது பயிற்சி. கலிஃபோர்னியாவின் சான் கார்லோஸ் என்ற ஊரிலுள்ள ஒரு குன்றில், சுமார் 4 கிலோமீட்டர் நீளமுள்ள ஏற்றப் பாதையில், பருவம் இல்லாத மாதங்களிலும் அவர் ஓடினார். எங்கள் மைதானத்துக்கு அருகே அப்படி ஏற்றம் எதுவும் இல்லை. ஆனால் அவருடைய மற்றொரு பழக்கத்தை எந்தச் சமதளத்திலும் பின்பற்றலாம்: சாதாரணப் பயிற்சியில் ஒரு சின்னப் பந்தைப் பிடித்தாலும், அங்கேயே நின்றுவிடாமல், எல்லைப் பகுதி வரை முழு வேகத்தில் ஓடிய பிறகே திரும்புவார். நாங்கள் மைதானத்தின் ஓர் ஓரத்தில் சுண்ணாம்புக் கோடு போட்டு, பிடித்த ஒவ்வொருவரும் அதைத் தொட்டுவிட்டே திரும்ப வேண்டும் என்று வைத்தோம். பந்து கக்கத்தில் சரியாக இடுக்கப்பட்டிருக்கிறதா என்பது அந்த ஓட்டத்தில் வெளிப்பட்டுவிடும். இந்தப் பந்தின் மேல்தோல் அதற்கு நன்றாகவே ஒத்துழைக்கிறது. புதிதாக இருக்கும்வரை அதன் புள்ளிமேடுகள் வியர்வை படிந்த முன்கையிலும் பிடிப்புக் கொடுக்கின்றன.

இனி குறைகள். முதலாவது, நாடா. தோல் பந்தில் நாடா உண்மையாகவே கோத்து இழுக்கப்பட்டிருக்கும். எறிபவரின் விரல்கள் அதன்மேல் படிந்துதான் பந்தைச் சுழலவிடுகின்றன. எங்கள் பந்தில் நாடா பிளாஸ்டிக்கால் ஒரே துண்டாகச் செய்து ஒட்டப்பட்டிருக்கிறது, விரல் வழுக்குகிறது, சில வாரங்களில் ஒரு முனை பெயரத் தொடங்கியது. சுழற்சி குறைந்தால் பந்து தள்ளாடும். தள்ளாடும் பந்தைக் காற்று தன் இஷ்டத்துக்குக் கொண்டுபோகும். செங்கோட்டைக் கணவாய் வழியே ஆனி, ஆடியில் வீசும் மேல்காற்றில் மேற்கு நோக்கி எறிவது இந்தப் பந்துக்கு இயலாத காரியமாகவே இருந்தது. அந்த மாதங்களில் காற்றுக்குக் குறுக்காக, குறைந்த தூரத்துக்கு எறிந்து பழகுவதே நல்லது.

இரண்டாவது, மேல்தோலின் ஆயுள். செம்மண்ணும் சரளையும் கலந்த தரையில் தேய்ந்து, முனைகளை ஒட்டிய புள்ளிமேடுகள் மழுங்கிவிட்டன. ஈரத்துணியால் துடைத்து நிழலில் உலர்த்தினால் கொஞ்சம் தாமதப்படுத்தலாம். மூன்றாவது, வெயில். விதிப்படி உள்ளழுத்தம் சதுர அங்குலத்துக்கு 12.5 முதல் 13.5 பவுண்டு வரை இருக்க வேண்டும். 25 டிகிரியில் 13 பவுண்டு வைத்து அடைத்த பந்து, நம் மே மாத வெயிலில் கிடந்து 45 டிகிரிக்குச் சூடேறினால் ஏறக்குறைய 15 பவுண்டைத் தொட்டுவிடும், கல்லாய் இறுகிச் சிறுவர்களின் விரலை வலிக்கச் செய்யும், தையலுக்கும் கேடு. மதியமே காற்றடித்து வைக்காமல் மாலையில் மைதானத்தில் அடிப்பதே சரி. நான்காவது, உடைமுள். மைதானத்தின் ஓரத்து உடைமரத்தடியில் போய் விழுந்த பந்து ஒருநாள் மெல்ல இளைத்தது. செருப்புத் தைக்கும் அண்ணாச்சி ஒருவர் நாடாப் பக்கத் தையலைப் பிரித்து, பிளாடரில் ஒட்டுப் போட்டு, மெழுகு நூலால் மறுபடி தைத்துக் கொடுத்தார். ஆலைத் தையலைவிட அந்தத் தையல் உறுதியாக நிற்கிறது.

பந்தோடு சேர்த்து ஒரு ஜோடிக் கையுறையும் வந்தது. உள்ளங்கைப் பக்கம் ரப்பர் பூச்சு. பந்து ஒட்டிக்கொள்வதுபோல் நிற்கும். தொடக்கத்திலேயே அதை அணியவிட வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து. கைகள் பின்வாங்கும் பழக்கமும், விரல்நுனியின் உணர்வும் வெறுங்கையிலேயே வர வேண்டும். ரைஸும் பிற்காலத்தில் கையுறை அணிந்தவர்தான். தம் கையுறைகளில் ஒட்டும் திரவத்தைக் கொஞ்சம் தடவியதாக 2015-இல் அவரே சொல்ல, 1981-லேயே தடை செய்யப்பட்ட பொருள் அது என்பதால் பெரிய சர்ச்சை எழுந்தது. அது சரியான செயல் அன்று என்பதில் எனக்கு ஐயமில்லை. பிள்ளைகளிடமும் மறைக்காமல் சொன்னேன். ஆயினும் பந்து கைக்கு வருவதற்கு முன்பே எதிரணிக்காரரிடமிருந்து இரண்டடி விலகி நிற்கும்படி பாதையை வெட்டித் திரும்பும் அவருடைய கால்வேலையை எந்தத் திரவமும் கொடுத்திருக்க முடியாது.

தலைக்கவசமும் தோள்காப்பும் இல்லாமல் ஒருவரையொருவர் மோதி வீழ்த்தும் ஆட்டத்தை எங்கும் தொடங்க வேண்டாம். காப்பு அணிந்த தொழில்முறை ஆட்டக்காரர்களே தலைக்காயங்களின் விளைவை முதுமையில் சுமக்கிறார்கள். இடுப்பில் செருகிய துணிப்பட்டையைப் பறித்தால் மடக்கியதாகக் கொள்ளும் ஃபிளாக் ஃபுட்பால் முறையே பிள்ளைகளுக்கு ஏற்றது. 2023 அக்டோபரில் மும்பையில் கூடிய ஒலிம்பிக் குழு, 2028 லாஸ் ஏஞ்சலஸ் போட்டிகளில் அதைச் சேர்க்க ஒப்புதல் அளித்துவிட்டது, அணிக்கு ஐவர். பட்டைகளை விலைகொடுத்து வரவழைக்கத் தேவையில்லை. தையல்கடையில் வெல்க்ரோ வைத்து எங்களுக்குத் தைத்துக் கொடுத்தார்கள்.

பெரியவர்களுக்கும் உயர்ந்த பெண்கள், பையன்களுக்கும் முழு அளவுப் பந்து பொருந்தும். 12 முதல் 14 வயதினருக்கு அடுத்த சிறிய அளவையும், அதற்கும் இளையவர்களுக்கு ஜூனியர் அளவையும் வாங்க வேண்டும். பெரிய பந்தைச் சின்னக் கையில் கொடுத்தால் நெஞ்சில் ஏந்தும் பழக்கம் ஒட்டிக்கொள்ளும், பிறகு அதை மாற்றுவது கடினம். பிடிக்கப் பழகுவதற்கு இந்தப் பந்து கொடுத்த விலைக்குத் தகும். குவார்ட்டர்பேக்காக எறியப் பழக விரும்புகிறவர், கூடுதலாகக் கொடுத்தாவது நாடா கோத்துத் தைத்த பந்தைத் தேடி வாங்கட்டும். எதை வாங்கினாலும் அழுத்தமானி பொருத்திய கைப்பம்பு ஒன்றையும் இரண்டு மூன்று ஊசிகளையும் சேர்த்தே வாங்கிக்கொள்ள வேண்டும். சைக்கிள் கடைக் காற்றில் அழுத்தத்தை அளவாக வைக்க முடிவதில்லை, ஊசியோ முதல் வாரத்திலேயே வளைந்துவிடுகிறது.